சுண்ணாம்புக்கு அடியில் ஒரு வேட்பாளர்

ஞாயிற்றுக்கிழமை மாலை ஆறு பத்துக்கு, லேக் கார்டன்ஸ் தென்னிந்தியர் மன்றக் கூடத்தில் இருந்தவர்கள்:

ஷிபேந்து ஹால்தார், ஐம்பத்திரண்டு வயது, வார்டு கவுன்சிலர். மேடையின் நடு நாற்காலி. ஆறு பன்னிரண்டு வரைதான் இருந்தார்.

லக்ஷ்மிநாராயணன், எழுபத்தொன்று, மன்றத் தலைவர், ஓய்வு பெற்ற வங்கி அதிகாரி. சாக்கடை அடைப்பை எடுத்துக் கொடுத்ததற்காகக் கவுன்சிலருக்குப் பொன்னாடை போர்த்திக்கொண்டிருந்தார். பொன்னாடையில் இப்போது ஒரு ஓட்டை.

பீஜன் ஸர்க்கேல், கவுன்சிலரின் கட்சிக்கு வார்டுத் தலைவர். இடது பக்க நாற்காலி. சட்டையில் தெறித்த ரத்தத்தோடு நாலு சேனல்களில் அழுதவர்.

அக்ஷய், இருபத்து மூன்று, எம்.ஏ. மாணவன். மைக் பார்த்துக்கொண்டான். பக்கவாட்டுக் கதவின் சாவி இவனிடம்.

கவுன்சிலரின் மெய்க்காவலர் ஒருவர். டீ குடிக்கப் போயிருந்தார்.

பார்வையாளர்கள் நாற்பது பேர். சுடும்போது நாற்பது பேரும் குனிந்து கைக்குட்டை எடுத்துக்கொண்டிருந்தார்கள்.

ஹெல்மெட் போட்ட ஒருவன். பக்கவாட்டுக் கதவு வழியாக வந்தான், ஒரே ஒரு தடவை சுட்டான், வந்த வழியே போனான். சந்தில் பைக் காத்திருந்தது.

பட்டியலை எழுதியவர் லக்ஷ்மிநாராயணன். பொன்னாடையின் ஓட்டையையும் நாற்பது கைக்குட்டைகளையும் மெய்க்காவலரின் டீயையும் சேர்த்தது பத்மஜா. ஹரிஷங்கரிடம் உதவியாளராகச் சேர்ந்து மூன்று வருடமாகிறது. எந்தக் காகிதத்தையும் அவள் அப்படியே விட்டதில்லை.

"கொலை விசாரணைக்கு எழுதின மாதிரி இல்ல சார். ஆண்டு விழாவுக்கு வந்தவங்களுக்கு நன்றி சொல்ற மாதிரி இருக்கு" என்றாள்.

ஹரிஷங்கர் பட்டியலை மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார். இன்ஷூரன்ஸ் கம்பெனியில் பதினேழு வருடம் பொய்யான தீ விபத்துகளை விசாரித்தவர். ஒரு உண்மையான தீ விபத்தைப் பொய் என்று எழுத மறுத்ததில் வேலை போயிற்று. நாற்பத்தாறு வயதில் சொந்தமாகத் துப்பறிகிறார். சொந்தமாகக் கார் இல்லை. ஆட்டோ காவல் நிலைய வாசலில் நின்றது. புதன்கிழமை காலை ஒன்பதரை.

கொலைக்கு மூன்று அமைப்புகள் பொறுப்பேற்றிருந்தன. முதலில் செங்கதிர்ப் படை. ஒரு மணி நேரத்தில், அதற்கு நேர் எதிர்த் திசையிலிருந்து தேசக் காவல் சேனை. மூன்றாவது அமைப்பு திங்கட்கிழமை வருத்தத்தோடு வாபஸ் வாங்கிக்கொண்டது. விசாரித்ததில் தங்கள் ஆட்கள் யாரும் அன்று ஊரிலேயே இல்லையாம்.

போலீஸ் செங்கதிர்ப் படையைத் தேர்ந்தெடுத்தது. காரணம், அக்ஷயின் பையில் அவர்களுடைய துண்டுப் பிரசுரம் ஒன்று கிடைத்தது. பல்கலைக்கழக வாசலில் எல்லோர் கையிலும் திணித்ததுதான். அதன் பின்பக்கத்தில் அவன் அம்மா மளிகைப் பட்டியல் எழுதிக் கொடுத்திருந்தாள்.

அந்த அம்மா, அனந்தலக்ஷ்மி, காவல் நிலைய பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள். ஒரு பள்ளிக்கூட ஆபீஸில் கிளார்க். மூன்று நாளாக லீவு.

"ஒரு மணிக்கு டெல்லியிலேர்ந்து வந்தவாளோட வண்டி வரதாம் ஹரி. ரெண்டு மணிக்கு அலிப்பூர் கோர்ட்ல நிறுத்தி, அங்கேர்ந்து நேரா டெல்லிக்குக் கூட்டிண்டு போறாளாம். தீவிரவாதக் கேஸாம். ஜாமீனே கிடையாதாம்."

"தெரியும் மாமி."

"எத்தனை வருஷமாகும்னு அந்த இன்ஸ்பெக்டரைக் கேட்டேன். 'பையனுக்கு இன்னும் கல்யாணம் ஆகலையே, நல்லதுதான்'ங்கறார்."

இன்ஸ்பெக்டர் மைத்தி கெட்டவர் என்று சொல்ல முடியாது. ஓய்வு பெற பதினான்கு மாதம் இருந்தது. அதற்குள் எதுவும் நடந்துவிடக் கூடாது என்பது மட்டும்தான் அவருடைய கொள்கை. கவுன்சிலர் அதைக் கெடுத்துவிட்டார்.

"பத்து நிமிஷம் பேசிக்கோங்க ஹரிபாபு" என்றார் வங்காளத்தில். "ஆனா அந்தச் சீட்டு இருக்கே, அதை மொழிபெயர்க்க அனுப்பியிருக்கேன். 'அப்பளம், பெரிய சைஸ், ரெண்டு கட்டு'ன்னு இருக்காம். என்னது அது?"

"பொரிச்சா வெடிக்கும்" என்றாள் பத்மஜா.

ஹரிஷங்கர் அவளைப் பார்த்தார்.

"உளுந்து, தாதா. சாப்பிடறது. நம்ம பாபட்" என்று அவளே திருத்தினாள்.

மைத்தி அதையும் குறித்துக்கொண்டார்.

லாக்கப்பில் அக்ஷய் சுவரோரமாக உட்கார்ந்திருந்தான். கீழுதடு வீங்கியிருந்தது. ஹரிஷங்கர் கம்பிக்கு இந்தப் பக்கம் குந்தினார்.

"கதவு எப்படித் திறந்திருந்தது?"

"நான்தான் பூட்டாம விட்டேன் அங்கிள். சனிக்கிழமை மத்தியானம் ஒரு பெயின்டர் வந்து தண்ணி கேட்டார். சந்துப் பக்கம் சுவருக்கு வெள்ளை அடிக்கணும், குழாய் உள்ள இருக்கு, ஞாயித்துக்கிழமை ரெண்டாவது கோட் இருக்குன்னார். ஒவ்வொரு தடவையும் நான் போய்த் திறக்கணுமேன்னு அப்படியே விட்டுட்டேன்."

"இதைப் போலீஸ்ல சொன்னியா?"

"சொன்னேன். பெயின்டர் பேர் என்னன்னு கேட்டாங்க. எனக்குத் தெரியாது, காகான்னுதான் கூப்பிட்டேன்னு சொன்னேன். எந்த காகான்னு கேட்டு அடிச்சாங்க."

கல்கத்தாவில் நாற்பது வயதைத் தாண்டிய ஆண்களில் பாதிப் பேர் யாரோ ஒருவனுக்குக் காகா. சித்தப்பாவைத் தேடி ஊரையே கைது செய்ய முடியாது. அதனால் கூப்பிட்டவனைக் கைது செய்துவிட்டார்கள்.

வெளியே வந்ததும் ஹரிஷங்கர் கேட்டார்: "மே மாசத்துல ஒருத்தன் சந்துச் சுவருக்கு எதுக்கு வெள்ளை அடிக்கிறான்?"

"அழகுக்கு."

"இந்த ஊர்ல?"

பத்மஜா யோசித்தாள். "எலெக்ஷனுக்குத்தான் அடிப்பாங்க. சுவரைப் பிடிச்சு, வெள்ளை அடிச்சு, கட்சிப் பேரைப் போட்டு வெச்சுக்குவாங்க. ஆனா கார்ப்பரேஷன் எலெக்ஷன் முடிஞ்சு ஒரு வருஷம்கூட ஆகலையே. அடுத்ததுக்கு நாலு வருஷம் இருக்கு."

"அதான் எனக்கும் புரியல. வா."

மன்றத்தின் சந்துச் சுவர் இருபது அடி நீளம். வெள்ளைச் சுண்ணாம்பின் மேல் கொட்டை கொட்டையாக நீல எழுத்து. பத்மஜா படித்தாள். தமிழைவிட வங்காளம் அவளுக்குச் சுலபம்.

"'தியாகி ஷிபேந்து ஹால்தாரின் ரத்தம் வீண்போகாது.' போன மாசம் இதே கட்சிக்காரங்களே அவர் வீட்டு வாசல்ல குப்பையைக் கொட்டினாங்க சார். வேற கட்சிக்குத் தாவப் போறார்னு பேச்சு. ஏற்கெனவே மூணு கட்சி மாறினவர்."

"உயிரோட போயிருந்தா துரோகி."

"தாவறதுக்குக் கரெக்டா ஒரு வாரம் முன்னாடி செத்து, தியாகியாயிட்டார்."

சந்து முனையிலிருந்து ஒரு ஆள் சைக்கிளைத் தள்ளிக்கொண்டு வந்தான். ஐம்பத்தைந்து வயதிருக்கும். ஹாண்டில்பாரில் இரண்டு பெயின்ட் டப்பா, பக்கவாட்டில் கட்டிய ஒரு ஏணி. கால் நகம் வரை நீலம். சுவரில் ஏணியைச் சாய்த்துவிட்டு ஒரு டப்பாவைத் திறந்தான். வெள்ளை டிஸ்டெம்பர்.

"காகா" என்றாள் பத்மஜா, தேன் ஒழுக. "இதுதான் எழுதியாச்சே? மறுபடி எதுக்கு வெள்ளை?"

"பீஜன்-தா சொன்னார். சுண்ணாம்பு மேல எழுதினது நிக்காதாம். டிஸ்டெம்பர் அடிச்சு, மறுபடி இதையே எழுதணும். இன்னிக்கே முடிக்கணும்."

"இன்னிக்கே என்ன அவசரம்?"

அவன் வானத்தைக் காட்டினான். வடமேற்கில் கருப்பாக ஒரு திரள். கோடைப் புயலுக்கான மேகம். "மழைக்குள்ள முடின்னார். நான் ஏன்னு கேக்கல. முப்பது வருஷமா எல்லாக் கட்சிக்கும் சுவர் எழுதறேன் தீதி. இதுவரைக்கும் யாரையும் ஏன்னு கேட்டதில்ல."

அவன் பெயர் ஹாரு. ஹரிஷங்கர் ஒரு சிகரெட் கொடுத்துப் பேசவிட்டார்.

"எழுதறதைப் படிப்பியா?"

"எனக்குப் படிக்கத் தெரியாது பாபு. சீட்டுல இருக்கறதைப் பார்த்துப் பெரிசா வரைவேன். படிக்கத் தெரிஞ்சிருந்தா கை நடுங்கியிருக்கும்."

"இதுக்கும் சீட்டுதானா?"

"ரெண்டு சீட்டு. வெள்ளிக்கிழமை பீஜன்-தா குடுத்தார். இதை முதல்ல, இதை அப்புறம், ஆனா நான் சொல்ற வரைக்கும் பிரஷைத் தொடாதேன்னார். நான் ரெண்டையும் ஒரே பையில போட்டுட்டேன். சனிக்கிழமை காலைல வேற வேலை இல்ல. சுவர் காலியா இருந்தது. சரி, முன்கூட்டியே ஒண்ணை எழுதி வெச்சா அவருக்குச் சந்தோஷமா இருக்கும்னு எழுதினேன். மத்தியானம் வந்து பார்த்தவர் மூஞ்சி..." ஹாரு சிகரெட் புகையை வெளியே விட்டான். "அடிக்காத குறை. இப்பவே அழின்னார். தண்ணிக்கு இந்தக் கதவுல இருந்த தம்பிதான் உதவினான். நல்ல பையன். ரெண்டு நாளைக்குக் கதவு திறந்தேதான் இருக்கும்னு பீஜன்-தா கிட்ட நானே சொன்னேன்."

பத்மஜா ஹரிஷங்கரைப் பார்த்தாள். அவர் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"அழிச்சதுல என்ன இருந்தது?"

"அதான் பாபு, படிக்கத் தெரியாதே."

"எந்தப் பெயின்ட்?"

"சிவப்பு. எண்ணெய் பெயின்ட்."

"மேல வெறும் சுண்ணாம்பு. ரெண்டு கோட்."

"ஆமா."

"பத்மஜா, அந்தக் கதவுக்குள்ள குழாய் இருக்கு. பக்கெட்டும் இருக்கும்."

"தியாகி மேல தண்ணி ஊத்தச் சொல்றீங்க."

"ஊத்து."

முதல் பக்கெட்டில் ஒன்றும் தெரியவில்லை. இரண்டாவதில் சுண்ணாம்பு நனைந்து சாம்பல் நிறமாயிற்று. நீல எழுத்துகளின் இடுக்கில், மீன் செவுள் மாதிரி, சிவப்பாக ஏதோ தெரிந்தது. மூன்றாவது, நாலாவது. ஹாரு சிகரெட்டைக் கீழே போட்டான். தன் கையெழுத்து திரும்பி வருவதை அவன் அடையாளம் கண்டுகொண்டான்.

"பீஜன் ஸர்க்கேல் பேர் இருக்கும்" என்றார் ஹரிஷங்கர். "கவுன்சிலர் போனா அடுத்தது இவர்தானே."

பத்மஜா எழுத்து எழுத்தாகப் படித்தாள். படிக்கப் படிக்கக் குரல் மெதுவாயிற்று.

"இவர் பேர் இல்ல சார். 'இடைத்தேர்தலில், தியாகி ஷிபேந்து ஹால்தாரின் துணைவி மிதாலி ஹால்தாருக்கே வாக்களியுங்கள்.'"

பக்கெட்டிலிருந்து தண்ணீர் சொட்டியது.

"விதவைக்கு அனுதாப ஓட்டு" என்றார் ஹரிஷங்கர். "அந்தம்மா பேருக்குக் கவுன்சிலர். வார்டு பீஜன் கையில. எலெக்ஷன்ல நிக்கறதுக்கு எதிரிகள் வேணும், சொத்து விவரம் வேணும். பின்னால உட்கார்ந்து நடத்தறதுக்கு ஒண்ணும் வேண்டாம்."

"சனிக்கிழமை காலைல அந்தம்மா புருஷன் உயிரோட டீ குடிச்சிட்டிருந்தார் சார்."

"படிக்கத் தெரியாத ஆளாப் பார்த்துச் சீட்டைக் குடுத்தது கெட்டிக்காரத்தனம். படிக்கத் தெரியாதவனுக்கு எது முதல் சீட்டு, எது ரெண்டாவதுன்னு தெரியாதுன்னு யோசிக்கல. மத்த கட்சிக்காரன் சுவரைப் பிடிக்கறதுக்குள்ள முந்திக்கணும்கற அவசரம்."

"இரங்கலுக்கும் சேர்த்து அட்வான்ஸ் புக்கிங்." பத்மஜா மணி பார்த்தாள். பதினொன்றே முக்கால். "மைத்தியைக் கூப்பிடவா?"

"கூப்பிட வேண்டியதில்லை" என்றது பின்னாலிருந்து ஒரு குரல். "நான் பேசிக்கறேன் அவர்கிட்ட."

பீஜன் ஸர்க்கேல் வெள்ளைக் குர்த்தாவில் கறுப்புப் பட்டை குத்தியிருந்தார். பின்னால் நாலு ஆட்கள். யாரும் அவசரப்படவில்லை. சுவரை ஒரு தடவை பார்த்தார், ஹாருவை ஒரு தடவை பார்த்தார்.

"வணக்கம், மிஸ்டர் ஹரி. எங்க தலைவர் பேரைத் தண்ணி ஊத்திக் கழுவறீங்க."

"அடியில இருக்கறவங்க பேரைப் படிக்கறதுக்காக."

"அதுவா." பீஜன் பெருமூச்சு விட்டார். நாலு சேனல்களும் பார்த்த அதே பெருமூச்சு. "திங்கட்கிழமை காலைல கட்சி மாவட்ட ஆபீஸ்ல சொன்னாங்க, தலைவரோட சம்சாரமே நிக்கட்டும்னு. உடனே எழுதச் சொல்லிட்டேன். எழுதினப்புறம் மனசு கேக்கல. இன்னும் தகனம்கூட ஆகல. சரி, இப்ப வேண்டாம், அழி, இரங்கலை எழுதுன்னேன். மரியாதை பார்த்தது தப்பா?"

"சனிக்கிழமை எழுதினதா ஹாரு சொல்றார்."

பீஜன் ஹாருவின் தோளில் கை போட்டார். "ஹாரு. எந்தக் கிழமை?"

ஹாரு தன் கால் நகத்தைப் பார்த்தான். "திங்க தாதா."

"எத்தனை தடவை அழிச்சே?"

"ஒரே தடவை. திங்க."

"அவ்வளவுதான்." பீஜன் சிரித்தார். "டிஸ்டெம்பரை எடு. மழை வருது. மிஸ்டர் ஹரி, ஒரு மணிக்கு டெல்லிக்காரங்க வர்றாங்க. நீங்க அந்தப் பையனோட அம்மா பக்கத்துல இருந்தா ஆறுதலா இருக்கும்."

சுவரில் கிழமை எழுதியிருக்காது. அது எல்லோருக்கும் தெரிந்திருந்தது. ஹாரு பிரஷை டப்பாவில் முக்கினான்.

அப்போது பக்கவாட்டுக் கதவு படாரென்று திறந்தது. லக்ஷ்மிநாராயணன் குடையோடு வந்து நின்றார். ஈரச் சுவரைப் பார்த்தார், பக்கெட்டைப் பார்த்தார், பத்மஜாவைப் பார்த்தார்.

"யாரைக் கேட்டு மன்றத்துத் தண்ணியை ஊத்தறே?"

"மாமா, ஒரு நிமிஷம்..."

"என்ன ஒரு நிமிஷம்? இது பிரைவேட் சுவர். அவாளுக்கும் சொல்றேன், நோக்கும் சொல்றேன். வரவன் போறவன்லாம் எழுதறதும் அழிக்கறதும்." வங்காளத்துக்கு மாறி பீஜனிடம் திரும்பினார். பேச்சில் தடுமாற்றமே இல்லை. "உங்களைப் பத்திக் கம்ப்ளெயின்ட் பண்ணியாச்சு மிஸ்டர் ஸர்க்கேல். சனிக்கிழமையே."

ஹாருவின் பிரஷ் டப்பாவுக்கும் சுவருக்கும் நடுவில் நின்றது.

"என்னிக்கு மாமா?" என்றார் ஹரிஷங்கர், மிகவும் மெதுவாக.

"சனிக்கிழமை. பதினொண்ணு பதினொண்ணே கால் இருக்கும். வாக்கிங் முடிச்சிண்டு வரேன், சுவர் முழுக்க ரத்தச் சிவப்பா எழுதி வெச்சிருக்கான். போட்டோ எடுத்தேன். கவுன்சிலருக்கே வாட்ஸ்அப்ல அனுப்பிச்சேன். உங்க கட்சிக்காரா எங்க சுவரைப் பாழ் பண்றா, பாருங்கோன்னு."

"அவருக்கேவா?"

"வேற யாருக்கு? வார்டு விஷயம்னா அவர்தானே. உடனே பதில் வந்தது. 'பார்க்கிறேன்'னு. கைகூப்பின பொம்மையோட."

பத்மஜா கண்ணை மூடிக்கொண்டாள். ஹால்தார் அந்தப் படத்தைத் திறக்கவே இல்லை. எந்தப் புகாருக்கும் திறக்காமலே கை கூப்பிப் பழகிய மனிதர்.

"என்ன எழுதியிருந்ததுன்னு நீங்க பார்க்கலையா?"

"பெங்காலில இருந்தது. நேக்கு எப்படித் தெரியும்? நாப்பத்தாறு வருஷமா இந்த ஊர்ல இருக்கேன். பேசறேன், மீன்காரனோடகூட சண்டை போடறேன். எழுத்துக் கத்துக்கணும்னு தோணல. பாங்க்ல எல்லாம் இங்கிலீஷ்தானே."

பீஜன் முன்னால் வந்தார். குரல் இப்போதும் இனிமையாகத்தான் இருந்தது. "உங்க போனைக் கொஞ்சம் காட்டுங்க தாத்தா."

"போன்லேர்ந்து அழிச்சாச்சே. மெமரி ஃபுல்லுன்னு வந்தது."

பீஜனின் தோள் தளர்ந்தது. கவுன்சிலரின் போன் எங்கே இருக்கிறது என்பது அவருக்குத் தெரியும் என்று அந்தத் தோளே சொல்லிற்று.

"ஆனா குரூப்ல இருக்குமே" என்றார் லக்ஷ்மிநாராயணன்.

"எந்த குரூப்?"

"மன்றத்து குரூப். நூத்திப் பன்னெண்டு பேர் இருக்கா. எல்லாத்தையும் அதுல போட்டுடுவேன், டிரான்ஸ்பரன்ஸிக்கு. ஒருத்தரும் பதில் போடறதில்ல."

பத்மஜா ஏற்கெனவே போனை எடுத்துவிட்டாள். அவளும் அந்த குரூப்பில்தான் இருந்தாள். இரண்டு வருடம் முன்பு அதை மௌனமாக்கி, அதற்குப் பிறகு ஒரு தடவைகூடத் திறந்து பார்க்கவில்லை. இப்போது விரலால் மேலே மேலே தள்ளிக்கொண்டு போனாள். குழாய் ரிப்பேர். சஷ்டி. தகன நேரம். கவுன்சிலருக்குப் பாராட்டு விழா, அனைவரும் வருக. அதற்கு மேலே, சனிக்கிழமை, பதினொன்று இருபத்திரண்டு.

படத்தின் இடது ஓரத்தில் லக்ஷ்மிநாராயணனின் கட்டைவிரல். மீதி முழுவதும் சிவப்பு எழுத்து. உயிரோடு இருந்த ஒரு மனிதன், தியாகி. அவன் மனைவி, வேட்பாளர். கீழே மூன்று கட்டைவிரல் உயர்த்திய பொம்மைகளும், தாமரைப் பூவோடு ஒரு காலை வணக்கமும்.

"லைக் போட்ட மூணு பேருக்கும் பெங்காலி படிக்கத் தெரியாது சார்" என்றாள். "படிக்கத் தெரிஞ்சவங்க எல்லாரும் மாமாவை ம்யூட் பண்ணிட்டோம்."

"நீயுமா?" என்றார் லக்ஷ்மிநாராயணன்.

"மாமா, இப்ப வேண்டாம்."

ஹரிஷங்கர் போனை வாங்கி பீஜனின் முகத்துக்கு நேரே பிடித்தார். நாலு ஆட்களில் ஒருவன் கையை நீட்டினான்.

"எடுத்துக்கோ" என்றார் ஹரிஷங்கர். "இன்னும் நூத்திப் பதினொண்ணு இருக்கு. சால்ட் லேக்ல பத்து இருவது, பெங்களூர்ல சில பேர், கனடாவுல ஒரு மாமி. அவங்க வீட்டுக்கெல்லாம் நீ போகணும்."

அவன் கையை இழுத்துக்கொண்டான். பத்மஜா அதற்குள் படத்தை மைத்திக்கு அனுப்பியிருந்தாள். குரூப்பிலும் ஒரு வரி போட்டாள்: 'இதில் எழுதியிருப்பது என்னவென்றால்...' இரண்டு வருடத்தில் முதல் தடவையாக அந்த குரூப்பில் எல்லோரும் ஒரே நேரத்தில் டைப் செய்தார்கள்.

பீஜன் அசையாமல் நின்றார். திரும்பிப் பார்த்தபோது பின்னால் மூன்று பேர்தான் இருந்தார்கள். நாலாமவன் சந்து முனையில், வாயைக் கையால் மறைத்துக்கொண்டு போனில் பேசிக்கொண்டிருந்தான். அவன் பேசி முடித்த அரை நிமிடத்தில் பீஜனின் போன் அடித்தது.

அவர் பெயரைப் பார்த்தார். எடுக்காமல் இருக்க முடியாத பெயர் போலிருந்தது.

"சொல்லுங்க தாதா... இல்ல, இங்கதான், சந்துல... பார்ட்டி ஆபீஸுக்கா? இப்பவா?... பசங்களைக் கூட்டிட்டு வரட்டுமா?... தனியாவா?" சந்து முனையைப் பார்த்தார். "சரி தாதா. வர்றேன்."

போனை வைத்தபோது மீதி மூன்று பேரும் சந்து முனைக்கு நகர்ந்திருந்தார்கள். முதல் மழைத்துளி சுவரில் விழுந்தது.

"என்னவாம்?" என்றார் ஹரிஷங்கர்.

"உட்கார்ந்து பேசணுமாம்."

"பேசுங்களேன்."

பீஜன் சிரிக்கப் பார்த்தார், வரவில்லை. "ஹால்தார் தாவப் போறார்னு மாவட்டத்துல போய்ச் சொன்னது நான்தான். அப்பவும் இப்படித்தான் சொன்னாங்க. உட்கார்ந்து பேசலாம்னு. அப்புறம் என்கிட்ட வேலையைக் குடுத்தாங்க."

"யார் குடுத்தாங்க?"

"அதைச் சொன்னா லாக்கப்புக்குள்ள இருந்தும் பிரயோஜனம் இல்ல." முகத்தைத் துடைத்துக்கொண்டார். "இந்தப் படம் பேப்பர்ல வந்தா கட்சிக்கு நான் கொலைகாரன். படம் வர்றதுக்குள்ள ஹெல்மெட் போட்ட ஒருத்தன் என்னைச் சுட்டுட்டா, நான் ரெண்டாவது தியாகி. மூணு அமைப்பும் பொறுப்பேத்துக்கும். அவங்களுக்கு எது லாபம்னு நீங்களே சொல்லுங்க."

"உங்களுக்கும் ஒரு சுவர் கிடைக்கும்" என்றாள் பத்மஜா.

"மிஸ்டர் ஹரி, போலீஸ் தாணாவுக்கு எப்படிப் போறீங்க?"

"ஆட்டோ."

"நானும் வரலாமா?"

ஆட்டோவில் பத்மஜாவுக்கும் ஹரிஷங்கருக்கும் நடுவில் உட்கார்ந்துகொண்டார். வெளி ஓரம் வேண்டாம் என்றார். வழியில் இரண்டு பைக்குகள் அவர்களைத் தாண்டிப் போயின. இரண்டு தடவையும் குனிந்து கைக்குட்டை எடுத்தார்.

காவல் நிலையத்தில் மைத்தி படத்தைப் பெரிதாக்கிப் பார்த்துக்கொண்டிருந்தார். பன்னிரண்டு ஐம்பது. பதினான்கு மாதம் அவர் கண் முன்னால் கரைவது தெரிந்தது.

"சரணடைய வந்திருக்கேன்" என்றார் பீஜன்.

"கொஞ்சம் யோசிச்சுச் சொல்லுங்க பீஜன்பாபு. நீங்க ஆளும் கட்சி. எனக்குப் பல பேர் போன் பண்ணுவாங்க."

"ஏற்கெனவே எனக்குப் பண்ணிட்டாங்க. எழுதிக்கோங்க. கதவு திறந்திருக்கும்னு சுட்டவனுக்குச் சொன்னது நான். அந்தப் பையனுக்கு ஒண்ணும் தெரியாது."

மைத்தி பேனாவைத் திறந்தார், மூடினார், மறுபடி திறந்தார். கடைசியில் எழுதினார். பீஜன் ஒவ்வொரு பக்கத்திலும் கையெழுத்துப் போட்டார். போடும்போது வாசலைப் பார்த்துக்கொண்டே இருந்தார்.

"மிதாலி ஹால்தாருக்கு இதெல்லாம் தெரியுமா?" என்று கேட்டார் ஹரிஷங்கர்.

"தெரியாது. வேட்பாளரைக் கேட்கற வழக்கம் எங்க கட்சியில கிடையாது."

அக்ஷயைக் கோர்ட்டில் சொல்லி முறைப்படித்தான் விட முடியும் என்றார் மைத்தி. அதுவரை வெளியே பெஞ்சில் உட்காரட்டும். டெல்லிக்காரர்களிடம் அவர் பேசிக்கொள்வார். அவர்களுக்கு வேண்டியது ஒரு ஆள். யார் என்பதில் அவர்கள் அவ்வளவு கண்டிப்பு இல்லை.

கான்ஸ்டபிள் லாக்கப்பைத் திறந்தார். அக்ஷய் வெளியே வந்தான். அனந்தலக்ஷ்மி எழுந்து நின்றாள். மகனைக் கட்டிக்கொள்வாள் என்று எல்லோரும் நினைத்தார்கள். அவள் அவன் உதட்டைப் பார்த்தாள், பிறகு மைத்தியைப் பார்த்தாள், பார்த்துக்கொண்டே இருந்தாள். மைத்தி மேஜையில் எதையோ தேட ஆரம்பித்தார்.

பீஜன் தானாகவே குனிந்து உள்ளே போனார். மூலையில் உட்காரவில்லை. நடுவில் நின்று ஜன்னல் எவ்வளவு உயரத்தில் இருக்கிறது என்று பார்த்தார்.

"இதுக்கு இன்னொரு சாவி யார்கிட்ட இருக்கு?"

"இன்ஸ்பெக்டர்கிட்ட" என்றார் கான்ஸ்டபிள்.

"அவர்கிட்ட மட்டும்தானே?"

"மட்டும்தான்."

"யார் வந்து கேட்டாலும் திறக்காதீங்க. எங்க கட்சிக்காரங்க வந்து ஜாமீன்ல கூட்டிட்டுப் போறோம்னு சொன்னாலும்."

கான்ஸ்டபிள் கம்பிக் கதவை இழுத்துச் சாத்தினார். சாவி இரண்டு சுற்றுச் சுற்றியது. அவர் நகர்ந்ததும், பீஜன் கம்பி வழியே கையை வெளியே விட்டுப் பூட்டைப் பிடித்து ஒரு தடவை பலமாக இழுத்துப் பார்த்தார். பூட்டு நன்றாகப் பிடித்திருந்தது.